வெல்ஷுக்கு ஒரே ஒரு டேக்

“இங்கிலீஷை முதல்ல முடிச்சிடுவோம். வெளிச்சம் நமக்காகக் காத்துக்கிட்டு இருக்காது” என்று இயக்குநர் யெஸ்டின் சொன்னதும் மெரெரிட்டுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. வெல்ஷுக்கு மட்டும் காத்திருக்குமாக்கும்.

ஒரே தொடரை இரண்டு மொழியில் எடுப்பது அவர்கள் வழக்கம். ஒவ்வொரு காட்சியும் முதலில் வேல்ஸ் நாட்டின் சொந்த மொழியான வெல்ஷில், பிறகு அதே நடிகர்களை வைத்து ஆங்கிலத்தில். இடையில் எதுவும் மாறாமல் பார்த்துக்கொள்வதுதான் இருபத்தாறு வருடமாக மெரெரிட்டின் வேலை. கோப்பையின் காது எந்தப் பக்கம் இருந்தது, எந்தச் சொல்லில் தொப்பியைக் கழற்றினார், எல்லாம் அவள் ஃபைலில் இருக்கும். ஏதாவது தவறினால் திட்டு விழும். தவறாவிட்டால் அப்படி ஒருத்தி இருப்பதே யாருக்கும் தெரியாது.

இன்று ட்ரெகாரன் ஊருக்கு மேலே ஒரு பண்ணை வீட்டுச் சமையலறை. ஊரைவிட்டுப் போன மகளின் கடிதத்தை அப்பா வாசிக்க வேண்டும். அப்பாவாக வரும் தில்வின் ஆடு வளர்த்த வீட்டில் பிறந்தவர். ஆங்கிலத்தில் நன்றாக நடிப்பார். வெல்ஷ் அவர் தாய்மொழி; அதில் நடிக்கவே மாட்டார், பேசுவார், அவ்வளவுதான். ஆங்கிலத்துக்கு ஆறு டேக் போயிற்று. வீடு இன்றைக்கு மட்டும்தான் கிடைத்திருந்தது.

“இந்த இங்கிலீஷ் டேக் மேலேயே வெல்ஷை டப் பண்ணிக்கலாம்” என்றான் யெஸ்டின்.

“பண்ணு. உங்கம்மா பாக்கறப்ப வாய் ஒண்ணு பேசும், சத்தம் ஒண்ணு வரும்” என்றாள் மெரெரிட்.

“எங்கம்மாவை ஏன் இழுக்கறே?”

“வேற யாருப்பா பாக்கப்போறா? உனக்குப் பேசக் கத்துக்குடுத்தவங்க அவங்கதானே.”

அவன் தலையைச் சொறிந்தான். “ஒரே ஒரு டேக். அதுக்கு மேல என்னைக் கேக்காதே, தாயே.”

தில்வின் ஜன்னலோரம் நின்று கடிதத்தைப் பிரித்தார். ‘மேல் வயல் கேட்டை இப்ப யாருப்பா சாத்தறாங்க?’ என்ற வரியில் நிறுத்திவிட்டு வெளியே பார்த்தார். மூச்சு விடும் சத்தம் மட்டும் கேட்டது. கேமரா மெல்ல அவர் தோளைத் தாண்டிக் காகிதத்தின் மேல் இறங்கியது. அது ஆங்கிலக் கடிதம். ஒவ்வொரு எழுத்தும் மானிட்டரில் பளிச்சென்று தெரிந்தது.

கடிதத்தை மாற்ற மறந்த, சாமான்களுக்குப் பொறுப்பான ப்ராப்ஸ்காரனை மனசுக்குள் வாயில் வந்தபடி திட்டினாள்.

“கட்” என்ற யெஸ்டின் கண்ணைத் துடைத்துக்கொண்டான். ஜன்னலில் வெயில் போயிருந்தது. “எல்லாம் சரிதானே, மெரெரிட்?”

ஃபைலைத் திறந்தாள். கிளிப்புக்கு அடியில் வெல்ஷ் கடிதம் இருந்தது. சரிபார்க்க அவளே வாங்கி வைத்தது. அப்போதுதான் யெஸ்டினோடு சண்டைக்குப் போனாள், திருப்பிக் கொடுக்கவில்லை.

தில்வின் கையிலிருந்த காகிதத்தை நாலாக மடித்துக் கோட்டுப் பையில் வைத்தார். அவளையே பார்த்தார். அவருக்குத் தெரியும். காகிதத்தைப் படிக்காமல் மனசிலிருந்துதான் பேசியிருக்கிறார், அத்தனையும்.

“மெரெரிட்?”

‘சரி’ என்று குறிக்க வேண்டிய இடத்தில் பென்சில் முனை காகிதத்தைத் தொட்டபடி நின்றது. வெளியே, பண்ணையின் நிஜக் கேட் காற்றில் அடித்துக்கொண்டிருந்தது. யாரும் சாத்தப் போகவில்லை.