பந்தலுக்குக் கல் இறங்கியது

1.

இந்தக் கதை வேல்விழியின் செல்போனில் பிறந்தது. பிறந்த நிமிடமே அழித்திருக்க வேண்டும்.

வேல்விழி என் சித்தப்பா மகள். ஓடைப்பட்டியில் விதையில்லாத் திராட்சை நட்டாள். கொடி ஏறப் பந்தல் வேண்டும், பந்தலுக்குக் கல்தூண் வேண்டும். சொசைட்டியில் நகையை வைத்து, பழனிசெட்டிபட்டியில் கல்தூண் கடை வைத்திருக்கும் பொன்னுராஜிடம் ஆறு லட்சம் முன்பணம் கொடுத்தாள். நல்ல நாள் பார்த்து ஒரே ஒரு தூண் வந்தது. முகூர்த்தக் கல். மஞ்சள் பூசி, குழியில் நவதானியம் போட்டு அதை ஊன்றிய பிறகுதான் மற்ற கல் வரும். அந்த முதல் கல்லுக்குக் காசு வாங்குவது வழக்கமில்லை. பொன்னுராஜும் வாங்கவில்லை. பெரிய மனசு.

படம் எடுத்தது நான். அவள் போனிலேயே ஸ்டேட்டஸ் வைத்ததும் நான். சும்மா படத்தை மட்டும் வைத்திருக்கலாம். எழுத்தாளன் ஆயிற்றே, அடியில் எழுதினேன்: "பந்தலுக்குக் கல் இறங்கியது. சொன்ன சொல் தவறாத பொன்னுராஜ் அண்ணாச்சிக்கு நன்றி."

அதன்பிறகு ஒரு கல்லும் வரவில்லை.

2.

ஸ்டேட்டஸ் மறுநாள் மறைந்துவிடும். பொன்னுராஜ் அதைப் படம் பிடித்து வைத்திருந்தார். முன்பணத்தைத் திருப்பிக் கேட்டு வேல்விழி போட்ட வணிக வழக்கில், எதிர்த்தரப்பின் முதல் ஆவணம் என் வரிதான். இத்தனை வருடத்தில் என் எழுத்தை ஒருவர் பத்திரப்படுத்தியது அதுதான் முதல் முறை.

[இந்த நகைச்சுவையை எடுத்துவிடலாமா? இருக்கட்டும். எடுத்தால் கத்த ஆரம்பித்துவிடுவேன்.]

வேல்விழியின் வக்கீல் ஜான்சி என்னிடம் ஒரு பக்கம் கேட்டார். அந்த வரியை எழுதியது யார், அன்று வந்தது எத்தனை கல். சாட்சிப் பிரமாணப் பத்திரத்துக்கு அது போதும். "சார், கதை வேண்டாம். பார்த்ததை மட்டும் எழுதுங்க" என்றார். அதை எழுதத்தான் உட்கார்ந்தேன். நீங்கள் படிப்பது கெட்டுப்போன அந்தப் பக்கத்தைத்தான்.

தொடக்கம் ஒன்று: மேகமலையில் பனி இறங்கிய அந்தக் காலையில், மஞ்சள் பூசிய கல் மணப்பெண்ணைப் போல

(நிறுத்து.)

தொடக்கம் இரண்டு: பொன்னுராஜ் என்கிற திருட்டு

(ஜான்சி விடமாட்டார்.)

3.

பொன்னுராஜ் பாத்திரமாக நிற்க மறுக்கிறார். வில்லன் என்றால் ஒருமுறையாவது முறைக்க வேண்டாமா? கடைக்குப் போனால் டீ சொல்கிறார். லாரி கிடைக்கவில்லை என்கிறார், குவாரியில் வேலைநிறுத்தம் என்கிறார், அடுத்த வாரம் என்கிறார். அந்த அடுத்த வாரத்துக்காகக் காத்திருந்த கொடிகள் தரையில் படர்ந்தன. மழையில் இலை அழுகியது. வழக்குப் போடும் முன் சமரசத்துக்கு அழைக்க வேண்டும் என்பது சட்டம். அழைத்தார்கள். அவர் வரவில்லை. அன்று சாயங்காலம் கடையில் எனக்கு டீ சொன்னார். நானும் குடித்தேன். குடித்துத் தொலைத்தேன்.

பதிலுரையில் மட்டும் வேறு ஆள். சரக்கு முழுவதும் இறங்கிவிட்டதாம். விவரம் தெரியாத பொம்பளை, கல்லை வெளியே விற்றுவிட்டு வழக்குப் போடுகிறாளாம். அதைப் படித்ததும் என் நெஞ்சில் எரிமலை

[வேண்டாம். அலங்காரத்தால் கெட்டது போதும்.]

வராத கல்லை விற்றாளாம். இதற்கு மேல் எழுதினால் பேப்பர் கிழியும்.

4.

முடிவுகள் கைவசம் இருக்கின்றன.

அ) வட்டியோடு தீர்ப்பு. பணம் கைக்கு வர இன்னொரு மனு, ஜப்தி, வாய்தா.

ஆ) பாதிப் பணத்துக்கு ராஜி. டீ உண்டு.

இ) நீதிபதி என் வரியை நம்பிவிடுகிறார்.

வாசகரே, நீங்களே ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள் என்று முடிப்பதாக இருந்தேன். அதற்கு முன் இந்தத் தாள்களோடு ஓடைப்பட்டி போனேன். வேல்விழி தரையில் கிடந்த கொடிகளைத் தூக்கி, குச்சி நட்டுச் சணலால் கட்டிக்கொண்டிருந்தாள். தோட்டத்தின் நடுவில் அந்த ஒற்றைக் கல் நின்றது. மஞ்சள் எப்போதோ போயிருந்தது. மண் கையோடு தாள்களை வாங்கி, நின்றபடியே படித்தாள். சிரிப்பாள் என்று நான் நினைத்த இடம் எதிலும் சிரிக்கவில்லை.

"நல்லாத்தேன் எழுதிருக்க. வக்கீலம்மா ஒரு பக்கம் கேட்டாகளே, அது எங்கனண்ணே?"

எழுதவில்லை என்றேன்.

பல மாதமாக எல்லோரிடமும் ஒன்றையே கேட்டுக்கொண்டிருக்கிறேன். ஜான்சி, பார்ப்போம் சார் என்பார். என் மனைவி, சாப்பிட வாங்க என்பாள். வேல்விழி, விடுண்ணே என்பாள். மறுபடியும் கேட்டேன்.

"கேஸு தோத்தா அது என்னாலதானா?"

சணலைக் கீழே வைத்தாள்.

"ஆமாண்ணே. உன்னாலதேன். ஒரு கல்லுதேன் வந்துச்சு, அந்த வரிய எழுதுனது நாந்தேன், அது பொய்யின்னு எழுதிக் குடு. வேற ஒண்ணும் எழுதாத."