மூன்றாவது பீரியடு

கட்டிய பெண்டாட்டியோடு பேச்சு நின்றுபோன மனுஷனுக்குப் பெற்ற பிள்ளையோடு பேசக் கிடைத்தது தினம் பத்தே நிமிஷம். அதற்காகத்தான் மணிவண்ணன் கோர்ட்டுப் படி ஏறினான். ஊர் அதை வீம்பு என்றது. வீம்பும் கொஞ்சம் இருந்தது, இல்லையென்று சொல்வானேன்.

அரியலூரில் சிமெண்ட் ஆலையில் வேலை. காலை ஷிப்டு ரெண்டு மணிக்கு முடியும். குளித்துச் சாப்பிட்டுவிட்டு நாலு பத்துக்குப் பள்ளிக்கூட கேட்டில் நிற்பான். ஐந்தாம் வகுப்புப் படிக்கும் மகள் தமிழ்மொழி ஓடிவந்து, அவன் வாங்கி வைத்திருக்கும் உளுந்து வடையைத் தின்றுகொண்டே கதை அளப்பாள். அதற்குள் வகுப்பு டீச்சர் வெற்றிச்செல்வி பையோடு வந்துவிடுவார். பிள்ளை இப்போது அம்மாவோடு இருக்கும் பெரம்பலூர்தான் அவருக்கும். பிள்ளையைப் பஸ்ஸில் கூட்டி வருவதும் கூட்டிப் போவதும் அவர்தான்.

மனைவி கலையரசி பிரிந்துபோய், பெரம்பலூரில் ஒரு ஆஸ்பத்திரி லேபில் வேலைக்குச் சேர்ந்து ஐந்து மாதம் ஆகிறது. தப்பு யார் மேல் என்று கேட்டால் ஆளுக்கொரு கதை சொல்வார்கள், நமக்கு அது வேண்டாம். பிள்ளையை அங்கேயே சேர்க்க அவள் டி.சி. கேட்டாள். தரக்கூடாது என்று இவன் மனு போட்டான். கேஸ் முடியும்வரை பிள்ளை பழைய பள்ளியிலேயே படிக்கட்டும் என்று கோர்ட்டு சொல்லிவிட்டது. ஞாயிற்றுக்கிழமை போய்ப் பார்த்துக்கொள்ளலாமே என்று சொன்னவர்கள் உண்டு. ஞாயிற்றுக்கிழமை அப்பன் விருந்தாளி. இவனுக்கு அன்றாட அப்பனாக இருக்க வேண்டும்.

"கவலையே படாதீங்க," என்றார் வக்கீல் வேணுகோபால். "பிள்ள ஒரு நாள் லீவு போடல. நல்லா வந்துக்கிட்டிருக்கிற பிள்ளய எதுக்கு மாத்தணும்னு கேப்போம். வருகைச் சான்று மட்டும் வாங்கியாந்துருங்க."

மணிவண்ணன் லீவு போட்டுவிட்டுப் போனபோது மூன்றாவது பீரியடு நடந்துகொண்டிருந்தது. ஐந்தாம் வகுப்பில் முப்பது பிள்ளைகள் ஏழாம் வாய்பாடு சொல்லிக்கொண்டிருந்தார்கள். கூரை பறக்க வேண்டிய சத்தம், குசுகுசுவென்று வந்தது.

"என்ன டீச்சர், பிள்ளைங்களுக்கெல்லாம் தொண்ட கட்டிக்கிச்சா?" என்றான் வாசலில் நின்று.

முன்வரிசையில் ஒரு வாண்டு அவனை முறைத்தது. "மெதுவாப் பேசுங்க. தமிழு எந்திரிச்சிரும்."

அப்போதுதான் பார்த்தான். கடைசி பெஞ்சில் ரெண்டு புத்தகப் பையைத் தலைக்கு வைத்துத் தமிழ்மொழி தூங்கிக்கொண்டிருந்தாள். வாய் லேசாகத் திறந்திருந்தது. பக்கத்துப் பிள்ளை வாய்பாடு சொல்லிக்கொண்டே நோட்டால் விசிறிக்கொண்டிருந்தது.

வெற்றிச்செல்வி வெளியே வந்தார். "அவங்க வூடு டவுனுக்கு வெளியங்க. ரெண்டு பஸ் மாறணும். அஞ்சரைக்கு எழுப்புறாங்க. ராத்திரி எழுதி முடிச்சுப் படுக்கப் பத்தரை. சீட்டு கெடச்சாத் தூங்கும், இல்லாட்டி நின்னுக்கிட்டே வரும். மூணாவது பீரியடுக்கு மேல தாங்கலீங்க. திட்டிப் பாத்தேன். மத்த பிள்ளைங்களே சத்தத்தக் கொறச்சிருச்சுங்க."

சான்று கைக்கு வந்தது. அறுபத்திரண்டு நாளில் அறுபத்திரண்டும் வருகை. ஜெயிக்க வேண்டியவன் அதை நாலாக மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டான்.

சாயங்காலம் கேட்டில், "தினமும் தூங்குறியாம்மா?" என்றான்.

வடை பாதியில் நின்றது. "டீச்சர் மேல கோவிச்சுக்காதீங்கப்பா."

"எங்கிட்ட ஏன் சொல்லல?"

"சொன்னா டி.சி. குடுக்கச் சொல்லிருவீங்க. அப்புறம் நீங்க எந்த கேட்டுல வந்து நிப்பீங்க?"

பத்து வயசுப் பிள்ளை, அப்பனுக்காகத் தூக்கத்தை விட்டிருக்கிறது. மணிவண்ணனுக்குத் தன் மேலேயே கோபம் வந்தது.

வாய்தா அன்று வக்கீல் நீதிபதியம்மா முன்னால் சான்றை உயர்த்திப் பிடித்தார். "ஒரு நாள்கூட விடுப்பு இல்லை அம்மா. பிள்ளைக்கு இங்கே எந்தக் குறையும் இல்லை."

மணிவண்ணன் எழுந்துவிட்டான். வக்கீல் சட்டையைப் பிடித்து இழுத்தார், உட்காரவில்லை.

"அம்மா, எம்பொண்ணு தினமும் வந்தது நெசம்ங்க. தினமும் கிளாஸ்ல தூங்குனதும் நெசம். அது இந்தப் பேப்பர்ல இல்ல. நான் கண்ணால பாத்துட்டேன். டி.சி. குடுக்கச் சொல்லிருங்கம்மா."

நீதிபதி கண்ணாடியைக் கழற்றி அவனைப் பார்த்தார். "யோசிச்சுத்தான் சொல்றீங்களா?"

"யோசிக்காமத்தாங்க மனு போட்டேன்."

உத்தரவு கால் மணி நேரத்தில் முடிந்தது. வேணுகோபால் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு அடுத்த கேஸுக்குப் போய்விட்டார். மணிவண்ணன் தாழ்வாரத்தில் வந்து நின்றான். நாளைக்கு நாலு பத்துக்கு என்ன செய்வது என்று தெரியவில்லை. அழுகை முட்டியது. ஆம்பளை என்ன, அழுதால் என்ன, அழுதான்.

"ஏங்க."

கலையரசி. ஐந்து மாதத்தில் முதல் வார்த்தை. அவள் அவன் முகத்தைப் பார்க்காமல் கைப்பையின் ஜிப்பைப் பார்த்துப் பேசினாள்.

"அங்கயும் நாலு பத்துக்குத்தான் விடுறாங்க. எனக்கு டூட்டி முடிய ஆறாவும். அதுவரைக்கும் பிள்ளய யாரு பாத்துக்கிறதுன்னு ரோசனையா இருக்கு. ஒங்களுக்கு ஷிப்டு ரெண்டு மணிக்கு முடிஞ்சிருமில்ல? ரெண்டரை பஸ்ஸப் புடிச்சாப் போதும்."

அவன் முகத்தைத் துடைத்துக்கொண்டான். நாலு பத்திலிருந்து ஆறு. காதில் விழுந்தது சரிதானா என்றிருந்தது.

"தினமுமா?"

"பள்ளிக்கூடம் தினமுந்தானே இருக்கு," என்றாள்.