நடுவுக்கு வந்த வெண்டல்

வெண்டல் குபிசெக் நெப்ராஸ்காவில், பந்தைக் கையில் எடுத்து ஆடும் அமெரிக்கக் கால்பந்தைக் கல்லூரி அணிக்காக ஆட வந்தபோது, பந்தைப் பிடித்துக்கொண்டு ஓடுகிறவனாகத்தான் வந்தான். முதல் வாரமே பயிற்சியாளர் ஹாலரன் அவனை மேலும் கீழும் பார்த்தார்.

"இந்த உடம்ப வச்சுக்கிட்டு எதுக்குடா ஓடுற? போய் முன் வரிசையில நில்லு."

அன்றிலிருந்து அவனுக்கு வரிசையின் இடது முனை. பந்தை எறிகிற தன் அணிக்காரன் ட்ரேயை அடித்து வீழ்த்த வருகிற எதிரணியினரை மறிக்க வேண்டும். காலையில் பன்னிரண்டு முட்டை தின்று இருபது கிலோ ஏற்றிக்கொண்டான். மூன்று வருடத்தில் அவனைத் தாண்டி ஒருவன்கூட ட்ரேயைத் தொடவில்லை.

பள்ளிப் பேருந்து ஓட்டும் அவன் அம்மா மார்லீன் ஒரு ஆட்டத்தையும் விடமாட்டாள். பந்தை மட்டும் பார்க்கவே மாட்டாள். பக்கத்தில் இருப்பவர் "யாரு ஜெயிக்கிறா?" என்றால், "யாருக்குத் தெரியும்? எம்புள்ள இன்னும் விழல" என்பாள்.

கடைசி வருடம், கடைசி ஆட்டம். வெண்டலைப் பார்க்கவே தொழில்முறை அணிகளிலிருந்து ஆட்கள் வருவதாக இருந்தது. அந்தச் செவ்வாய்க்கிழமை பயிற்சியில் ஆஸிக்கு மணிக்கட்டு முறிந்தது. வரிசையின் நடுவில் குனிந்து, கால்களுக்கிடையே பந்தைப் பின்னால் ட்ரேக்கு அனுப்புகிறவன் அவன்.

ஹாலரன் வெண்டலைத் தனியே கூப்பிட்டார். "நடுவுல நிப்பியா? உன்னை இடது முனையில பாக்கத்தான் வர்றாங்க. வேணாம்னா சொல்லிடு, தப்பா நினைக்க மாட்டேன்."

"நிக்கிறேன், சார்" என்றான் வெண்டல். நேரே ஆஸியின் அறைக்குப் போனான்.

"சொல்லிக் குடுடா."

"உனக்குப் பைத்தியமா? நாலு நாள்ல வராதுடா தடியா!"

சொன்னானே தவிர, ஆஸி எழுந்து வந்துவிட்டான். விடுதி நடையில் வெண்டல் குனிந்து குனிந்து பந்தை அனுப்ப, ஆஸி ஒற்றைக் கையால் தடுத்தான். இரண்டு விளக்குகள் உடைந்தன.

சனிக்கிழமை முதல் பந்தே ட்ரேயின் தலைக்கு மேல் பறந்தது. எதிரணியின் நடுத் தடியன் இளித்தான். "என்னண்ணே, பந்து புதுசா?"

"ஆமா. ஆளைத் தள்ளுறது மட்டும் பழக்கம்" என்றான் வெண்டல்.

அடுத்த பந்திலேயே அவனை ஐந்து கஜம் பின்னால் தள்ளிப் போய்ப் புல்லில் கிடத்தினான். பிறகு கை கொடுத்துத் தூக்கியும் விட்டான். அதற்குப் பின் பந்து ஒழுங்காகப் போயிற்று. கடைசி நிமிடத்தில் எதிரணியின் எல்லைக் கோட்டுக்கு ஒரு கஜம் இருக்க, வெண்டல் முன்னால் இருந்த இருவரையும் சேர்த்து நகர்த்த, ட்ரே பந்தோடு அவன் முதுகில் ஒட்டிக்கொண்டே உள்ளே விழுந்தான். நான்கு புள்ளி வித்தியாசத்தில் வெற்றி.

ஆட்டம் முடிந்ததும், தொழில்முறை அணிகளிலிருந்து பார்க்க வந்திருந்தவர்களில் நரைத்த மீசைக்காரர் ஒருவர் வந்தார். "இந்த இடத்துல எத்தனை நாளா ஆடுற?"

"செவ்வாய்க்கிழமையிலேர்ந்து, சார்."

அவர் வாய்விட்டுச் சிரித்து, ஏதோ குறித்துக்கொண்டு போனார்.

ஏப்ரலில் அவருடைய அணி வெண்டலை எடுத்தது, நடு ஆட்டக்காரனாக. செய்தி வந்ததும் வெண்டல் முதலில் அம்மாவுக்கும் அடுத்து ஆஸிக்கும் போன் செய்தான்.

"என் இடத்தத் திருடிட்டு எனக்கே போன் வேறயா?" என்று கத்தினான் ஆஸி. பிறகு, "உன் ஆட்டத்துக்கு எனக்கு எத்தனை டிக்கெட் எடுத்து வைப்ப?" என்றான்.