கேட்டுக்கு உள்ளே சார்

"யாரைக் கேட்டுக் குழி வெட்டினீங்க?" என்று சாரின் மகள் கேட்டாள்.

காண்ட்ராக்டர் காதிலிருந்து செல்போனை எடுக்காமலே, ஒரு நிமிஷம் என்று விரலைக் காட்டினார். அவருக்குப் பின்னால், பையன்கள் காலையில் வரிசையாக நிற்கும் மைதானத்தின் நட்டநடுவே, இரண்டு கொத்தனார்கள் குழிக்குள் இறங்கிச் செங்கல் அடுக்கிக்கொண்டிருந்தார்கள். ஒருவர் ரசமட்டம் வைத்து வேறு பார்த்தார். ஊரில் பாதிக் கட்டடம் காண்ட்ராக்டர் கட்டியது. குழி வெட்டினாலும் அதில் சுவர் எழுப்பாமல் அவரால் இருக்க முடியாது. அவர் பேசி முடிக்கிற வரைக்கும் மகள் வெயிலில் நின்றாள். காலையிலிருந்தே அவளுக்கு இதுதான் வேலை, யாராவது பேசி முடிக்கட்டும் என்று நிற்பது.

"சொல்லுங்கக்கா. டீயாவது குடிச்சீங்களா?"

"குழியைப் பத்திக் கேட்டேன்."

"அப்பாவுக்குத்தான்க்கா. டாக்டர் கையை விரிச்ச அன்னைக்கே அனுமதிக்கு ஆள் அனுப்பிட்டேன். எல்லாம் பக்காவா இருக்கு."

"சாரை எங்கம்மா பக்கத்துல வைக்கணும்னு நேத்தே சொன்னேன்ல?"

"சொன்னீங்க. நானும் கமிட்டியில சொன்னேன். ஒருத்தரும் ஒத்துக்கல. நீங்களே சொல்லுங்க, அப்பா இந்த ஸ்கூல விட்டு ஒரு ராத்திரி வெளிய தங்கினதுண்டா?"

கேட்டுக்கு மேலே கட்டியிருந்த பேனரிலும் அப்படித்தான் போட்டிருந்தது: எங்கள் அப்பாவுக்குக் கண்ணீர் அஞ்சலி. சில வருடங்களுக்கு முன்பு முன்னாள் மாணவர் சங்கம் தீர்மானம் போட்டு, கைதட்டி, அவரை இனி அப்பா என்றே கூப்பிடுவது என்று முடிவு செய்திருந்தது. எங்கெங்கோ பிறந்த பிள்ளைகள் அத்தனை பேருக்கும் அவர் அப்பா. அவர் பெற்ற ஒரே பெண்ணுக்கு மட்டும் சார். அதற்குக் காரணமான ஆளே எதிரில் நின்று டீ குடிச்சீங்களா என்று விசாரித்தால் வயிறு எரியாமல் என்ன செய்யும்?

அவளுக்கு எட்டு வயதாக இருக்கும்போது சார் இந்த விடுதிப் பள்ளியைத் தொடங்கினார். மூடிக் கிடந்த ஒரு மரக்கிடங்கை வாடகைக்குப் பிடித்து, அங்கே மிச்சம் கிடந்த பலகைகளையே கட்டிலாக அடித்தார். சுவர் இடுக்குகளிலிருந்து மரத்தூள் மாதக்கணக்கில் உதிர்ந்தது. பையன்கள் தும்மிக்கொண்டே வாய்ப்பாடு ஒப்பித்தார்கள். லாரி ஓட்டுகிறவர்கள், கப்பல் வேலைக்குப் போகிறவர்கள், பிள்ளையைக் கூட வைத்துக்கொண்டு அலைய முடியாதவர்கள் கொண்டுவந்து விட்டுவிட்டுப் போனார்கள். அம்மா எல்லோருக்கும் சமைத்தாள். கிடங்கின் பின்னால் கணக்கர் இருந்த இரண்டு அறைகள்தான் வீடு. அதாவது, வீடும் கேட்டுக்கு உள்ளேதான்.

முதல் வருடம் சேர்ந்தவர்களில் ஆகச் சின்னவன் பட்டாணி. உருண்டையாக இருந்ததால் அந்தப் பெயர். ஒருநாள் காலையில் அவள் முழங்காலைச் சிராய்த்துக்கொண்டு, "அப்பா!" என்று கத்தியபடி வகுப்புக்குள் ஓடினாள். அவர் பாடத்தை நிறுத்திவிட்டு அவளைத் தூக்கிக்கொண்டார். அதைப் பார்த்ததும் பட்டாணி அழ ஆரம்பித்தான். பிறகு பக்கத்தில் இருந்தவன். பிறகு வகுப்பு மொத்தமும். மற்றவர்கள் மதியத்துக்குள் அடங்கிவிட்டார்கள். பட்டாணி மட்டும் மறுநாளும் சாப்பிடாமல் கட்டிலுக்கு அடியில் படுத்துக் கிடந்தான்.

அன்று சாயங்காலம் அவர் அவளைக் கேட்டுக்கு வெளியே கூட்டிக்கொண்டு போய், குத்துக்காலிட்டு உட்கார்ந்து, பெரிய மனுஷியிடம் பேசுகிற மாதிரி பேசினார். "இந்தப் பசங்களுக்கு அப்பா பக்கத்துல இல்லம்மா. உனக்கு மட்டும் இருக்காருன்னு தினமும் அவங்க காதுல விழக்கூடாது. கேட்டுக்கு உள்ள நான் சார். வெளிய வந்துட்டா அப்பா. சரியா?"

சரி என்றாள். எட்டு வயதில் எதற்குத்தான் சரி சொல்ல மாட்டோம்? ஆனால் மனிதர் வெளியே வந்தால்தானே. எப்போதாவது சாக்பீஸ் வாங்கக் கடைத்தெருவுக்குப் போவார். அவளும் தொற்றிக்கொள்வாள். அங்க பாருங்கப்பா, இது என்னப்பா, கால் வலிக்குதுப்பா என்று சேர்த்து வைத்ததை எல்லாம் போக வரக் கொட்டித் தீர்ப்பாள். பள்ளி வளர்ந்ததும் சாமான்கள் வண்டியில் வந்து இறங்கின. அவர் வெளியே போக வேண்டிய தேவையே இல்லாமல் போயிற்று. அவள் கல்யாணமாகிப் போன பிறகு போனில் பேசினால், போனும் உள்ளேதான் இருந்தது. கடைசிப் படுக்கையில்கூட ஆஸ்பத்திரிக்கு வர மாட்டேன் என்று பள்ளியின் நோயறையிலேயே படுத்துக்கொண்டார். வராந்தா முழுக்கப் பையன்கள். நேற்று மூச்சு நின்ற பிறகும் அவள் "சார், சார்" என்றுதான் உலுக்கினாள்.

இங்கேயே புதைத்துவிட்டால் அவர் என்றைக்கும் சார்தான். அவளுக்குத் தெரிந்தது அவ்வளவுதான். அதை யாரிடம், எப்படி எடுத்துச் சொல்வது என்பதுதான் தெரியவில்லை.

"பட்டாணி," என்றாள். அவரை அப்படிக் கூப்பிட இப்போது யாரும் மிச்சமில்லை. காண்ட்ராக்டர் செல்போனைப் பைக்குள் போட்டார். "எங்கம்மாவை அடக்கம் பண்ணிட்டு நிக்கிறப்ப அவரே அங்க இருந்த ஆள்கிட்ட, 'பக்கத்துல எடம் இருக்குல்ல?'ன்னு கேட்டாரு. அந்த ஆளு இருக்குன்னான். 'கேட்டுக்கிட்டியாம்மா?'ன்னு என்னைப் பாத்தாரு. கேட்டுக்கிட்டேம்ப்பான்னு சொன்னேன்."

"அது ஒரு துக்கத்துல கேட்டிருப்பாருக்கா."

"நீ அன்னைக்கு அழுது ஊரைக் கூட்டினதாலதான்டா எனக்கு அவரு சார் ஆனாரு."

"நானா? அழுதேனா?" காண்ட்ராக்டர் நிஜமாகவே யோசித்துப் பார்த்தார். "எனக்கு ஞாபகமே இல்லையேக்கா."

அவளுக்கு அவரைப் பிடித்து அந்தக் குழிக்குள்ளேயே தள்ளலாம் போலிருந்தது. ஆனால் அவர் கண்ணும் சிவந்து வீங்கித்தான் இருந்தது. ராத்திரி முழுக்க அவரும் தூங்கவில்லை. அதுதான் இன்னும் எரிச்சல். திட்டித் தீர்க்கக்கூட வசதியான ஆளாக இல்லை.

"சரிக்கா, ஒண்ணு பண்ணுவோம்," என்றார் அவர். "கூட்டத்துல கடைசியா நீங்க பேசுங்க. எங்க வைக்கணும்னு நீங்களே சொல்லிடுங்க. அக்கா வாய்ல என்ன வருதோ அதுக்கு நாங்க எல்லாரும் கட்டுப்படறோம். கமிட்டியை நான் பாத்துக்கறேன்."

இரங்கல் கூட்டம் மதியத்துக்கு மேல் தொடங்கியது. நாற்காலிகளில் முன்னாள் மாணவர்கள், தரையில் வரிசை வரிசையாக இப்போது படிக்கிற பையன்கள். மேடைக்குக் கீழே கண்ணாடிப் பெட்டியில் அவர். ஒவ்வொருவராக வந்து அப்பா என்னை அடித்தார், அப்பா என்னைத் திருத்தினார், அப்பா இல்லையென்றால் நான் இல்லை என்று பேசினார்கள். ஒருவர் பேச்சை நிறுத்தியதும் வார்டன் கையை உயர்த்துவார். உடனே மைதானமே எழுந்து, "நன்றி!" என்று ஒரே குரலில் சொல்லிவிட்டு உட்காரும். அது சார் பழக்கிய பழக்கம். பேசி முடித்தவரை நிற்க வைக்கக்கூடாது, நன்றி சொல்லி அனுப்பிவிட வேண்டும் என்பார். தலை நரைத்தவர்களும் அந்தக் கையைப் பார்த்ததும் யோசிக்காமல் எழுந்தார்கள்.

"ரெண்டே ரெண்டு வாக்கியம்," என்று கணவர் அவள் காதோரம் சொன்னார். "சொல்லிட்டு வந்துரு. இழுக்காத."

அவள் தயாராகத்தான் இருந்தாள். சாரை நீங்க வச்சுக்கங்க. எங்கப்பாவை எங்கம்மாகிட்ட அனுப்பி வைங்க. காலையிலிருந்து மனதுக்குள் சொல்லிச் சொல்லிப் பார்த்த வாக்கியங்கள். சாருடைய நாற்காலி, படம், பெயர், வைக்கப்போகிற சிலை, எல்லாம் இவர்களுக்கே. மிச்சம் இருக்கிற ஆள் அவளுக்கு. நியாயமான பங்குதான்.

மைக்கைப் பிடித்தாள். எத்தனையோ முகங்கள். முன்வரிசையில் சின்னச் சின்னப் பையன்கள் சம்மணம் போட்டு அவளையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"சாரை நீங்க வச்சுக்கங்க," என்றாள்.

அடுத்து எங்கப்பா என்று வர வேண்டும். வாய் திறந்துதான் இருந்தது. அந்தச் சின்னப் பையன்களுக்கு எதிரில் நாக்கு புரளவில்லை. அந்தச் சாயங்காலத்துக்குப் பிறகு, கேட்டுக்கு உள்ளே பையன்கள் காதில் விழ அந்தச் சொல்லை அவள் சொன்னதே இல்லை. ஐம்பது தாண்டிய பிறகும் தொண்டை எட்டு வயதுப் பெண்ணைப் போல அனுமதிக்காகக் காத்துக்கொண்டு நின்றது. ஒரு மூச்சு இழுத்துக்கொண்டால் வந்துவிடும். இழுத்தாள்.

வார்டன் கையை உயர்த்திவிட்டார்.

"நன்றி!" என்று மைதானம் எழுந்து நின்றது.

இந்த முறை அவர்கள் உட்காரவில்லை. முன்னாள் மாணவர்கள் தேம்பிக்கொண்டே மேடைப் பக்கம் நகர்ந்தார்கள். காண்ட்ராக்டர் ஏறி வந்து அவள் இரண்டு கைகளையும் பிடித்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். "பெரிய மனசுக்கா உங்களுக்கு. பெரிய மனசு."

"நான் இன்னும் முடிக்கல," என்றாள்.

காண்ட்ராக்டர் அதற்குள் பெட்டிப் பக்கம் இறங்கிப் போய்விட்டார். மைக்கை யாரோ அணைத்திருந்தார்கள். ஒலிபெருக்கியில் சோகமாக ஒரு குழலிசை கிளம்பியது. அவள் வார்டனின் சட்டைக் கையைப் பிடித்து இழுத்தாள். "நான் முடிக்கலைங்க. இன்னொண்ணு சொல்லணும்."

"தொண்டை அடைச்சுக்கிச்சு, பாத்தேம்மா," என்றார் வார்டன், அவள் முதுகைத் தட்டி. "பரவாயில்ல. நீங்க சொல்ல வந்தது எல்லாருக்கும் புரிஞ்சுது."

கீழே பெட்டியைத் தூக்கிவிட்டார்கள். கணவர் கூட்டத்தை இடித்துக்கொண்டு வந்தார். "ஏன் பாதியில நிறுத்தின? நான் போய்ச் சொல்லட்டுமா?" "நானே போறேன்," என்று அவள் படியில் இறங்கினாள். அதற்குள் நெஞ்சில் பேட்ஜ் குத்திய ஆட்கள் கைகோர்த்து வழியை மறித்திருந்தார்கள். அவளைத் தெரியாத, அவளுக்கும் தெரியாத பிந்தைய வருடத்துப் பையன்கள்.

"விடுங்க, சார்கிட்ட போகணும்."

"ஆபீஸ் ஸ்டாஃப்லாம் அந்தப் பக்கம் வரிசையில வாங்கம்மா," என்றான் அவர்களில் ஒருவன்.

"நான் ஸ்டாஃப் இல்லப்பா. சாரோட..." என்று தொடங்கியவளை அவன் பொறுமையாகத் தோளைத் தொட்டுத் திருப்பிவிட்டான். மரியாதையாகத்தான் திருப்பினான், அந்தப் பள்ளியில் படித்தவன். அவள் அந்த வரிசையின் வாலில் போய் நின்றாள். சமையல்கட்டு ஆட்கள், துணி துவைக்கிறவர், நூலகர். அவள் முறை வந்தபோது குழியை மூடிவிட்டிருந்தார்கள். கொத்தனார் மண்ணைத் தட்டிச் சமன் செய்துகொண்டிருந்தார். அவள் ஒரு பிடி மண்ணை எடுத்து, எங்கே போடுவது என்று தெரியாமல் கொஞ்ச நேரம் வைத்திருந்துவிட்டு, மேலேயே போட்டாள்.

வெயில் தாழ்ந்ததும் கூட்டம் கலைந்தது. கடைசியாகக் கிளம்பிய காண்ட்ராக்டர், மார்பிள் நாளைக்கு வந்துவிடும் என்றார். "உங்க வீடு மாதிரி நினைச்சு வந்து போங்கக்கா."

அது அவள் வீடாகத்தான் இருந்தது. கணவர் காரை எடுக்கப் போக, அவள் கேட்டைத் தாண்டி ரோட்டில் வந்து நின்றாள். உள்ளே படிப்பு நேரத்துக்கு மணி அடித்தது. சாயங்கால ஷிப்டுக்கு அப்போதுதான் வந்த காவலாளி, ஏதோ கம்பெனி அனுப்பிய புது ஆள், கேட்டின் ஒரு கதவை இழுத்துக்கொண்டிருந்தான்.

"தம்பி, இங்க எப்ப வந்து பாக்கலாம்?"

"நெனச்சப்பல்லாம் வர முடியாதும்மா. மாசத்துல மொத ஞாயித்துக்கிழமை மட்டும்தான் வீட்டாளுங்களை விடுவோம். மூணு மணியிலருந்து அஞ்சு வரைக்கும். பெரிய சார் போட்ட ரூல்ஸ் அது, மாத்த மாட்டாங்க." அவன் இரண்டாவது கதவையும் இழுத்தான். "பையன் எந்தக் கிளாஸு?"

"பையன் இல்ல," என்றாள். "எங்கப்பா."

கதவு கிறீச்சிட்ட சத்தத்தில் அவனுக்குச் சரியாகக் கேட்கவில்லை. "எந்தக் கிளாஸா இருந்தாலும் மூணு மணிக்கு வாங்கம்மா," என்று சொல்லிவிட்டுத் தாழ்ப்பாளைப் போட்டான்.