சிபிச்சக்ரவர்த்தி தரைக்கு வந்த வெள்ளிக்கிழமை

எங்கள் கம்பெனியில் வேலையை விடுவதாக மெயில் அனுப்பியவர்களின் கால், அன்று சாயங்காலமே தரையைவிட்டு ஒரு சாண் எழும்பிவிடும். கழுத்திலிருக்கும் ஐடி கார்டு நாளுக்கு நாள் கனம் குறைவதால் அப்படி. முதல் மாதம் முழங்கால் உயரம், இரண்டாம் மாதம் ஆள் உயரம். மூன்று மாத நோட்டீஸ் பீரியட் முடியும்போது முதுகு கூரையில் ஒட்டிக்கொள்ளும். கடைசி நாள் கார்டை வாங்கிக்கொண்டு, ரிலீவிங் லெட்டரைக் கையில் கொடுத்து, ஜன்னலைத் திறந்துவிடுவோம். அவர்கள் பாட்டுக்கு மிதந்து புதுக் கம்பெனிக்குப் போவார்கள். அங்கே புதுக் கார்டு கழுத்தில் விழுந்ததும் பொத்தென்று தரைக்கு வருவார்கள். கோயமுத்தூர் சரவணம்பட்டியில் எல்லா ஐடி கம்பெனியிலும் இதுதான் நடைமுறை.

நான் சௌடேஸ்வரி. மனிதவளப் பிரிவில் பதினொரு வருஷமாக ஆள் எடுக்கிறேன். என் வேலைக்கு வேண்டியது ஒரு லேப்டாப், ஒரு மெகாபோன், ஒரு தொரட்டி. மாங்காய் பறிக்கிற அதே தொரட்டிதான், அரிவாளைக் கழற்றிக் கொக்கி மாட்டியிருக்கிறோம். போன வருஷம் ஆடிட்டில் கேட்டுவிட்டார்கள்.

கோகிலவாணி எங்கள் டெஸ்டர். சாஃப்ட்வேரில் இருக்கும் பிழையைத் தேடிப் பிடிப்பது அவள் வேலை. எட்டு வருஷமாக மத்தியானம் நானும் அவளும் ஒரே டப்பாவில் கைவைத்துச் சாப்பிடுகிறோம். அவள் ராஜினாமா கொடுத்து ஏழு மாதமாகிவிட்டது. மாற்று ஆள் வந்து நாற்காலியில் உட்கார்ந்தால்தான் ஜன்னலைத் திறப்பேன் என்று மேனேஜர் கிருபாகரன் சார் பிடிவாதமாக நின்றார். நான் ஐந்து பேரைத் தேர்ந்தெடுத்தேன். ஐந்து பேரும் ஜாயினிங் அன்று காலை எங்கள் மொட்டை மாடிக்கு மேலே வந்து, கையாட்டிவிட்டு, அடுத்த கம்பெனிப் பக்கம் நகர்ந்து போனார்கள். படுபாவிகள்.

அதனால் கோகிலவாணி ட்யூப்லைட்டுக்குப் பக்கத்தில் முதுகு ஒட்டியபடி, கயிற்றில் தொங்கவிட்ட கம்ப்யூட்டரில் வேலை பார்த்தாள். டீயைத் தொரட்டியில் மாட்டி மேலே அனுப்புவேன். சாயங்காலம் அவள் வீட்டுக்காரர் மொபெட்டில் வருவார். அவள் இடுப்பில் கயிறு கட்டி, மறுமுனையை ஹேண்டில்பாரில் சுற்றி, பட்டம் மாதிரி வீட்டுக்கு ஓட்டிக்கொண்டு போவார். மின்கம்பி வரும் இடத்தில் மட்டும் இறங்கித் தள்ளிக்கொண்டு நடப்பார்.

"ஏழு மாசமா எம்புள்ளைக்கு ஜடை போடல, சௌடி" என்றாள் ஒருநாள். "அண்ணாந்து பாத்துப் பாத்து அதுக்குக் கழுத்து வலியே வந்துருச்சு."

அவளுடைய புதுக் கம்பெனி இரண்டு கட்டிடம் தள்ளி, தரைத்தளத்தில் இருந்தது. வெள்ளிக்கிழமை சாயங்காலம் ஐந்து மணிக்குள் வராவிட்டால் ஆஃபர் ரத்து என்று எழுதிவிட்டார்கள். ஆஃபரும் போய்க் கார்டும் போனவர்கள் கயிற்றுக்கு அடங்க மாட்டார்கள். மருதமலைக்கு மேலே சிலர் இப்போதும் சுற்றிக்கொண்டிருக்கிறார்கள்.

வெள்ளிக்கிழமை மூன்று மணிக்கு நான் தொரட்டியோடு மொட்டை மாடிக்கு ஏறினேன். ஆறாவது ஆளின் பெயர் சிபிச்சக்ரவர்த்தி. டெஸ்டிங்கில் ஏழு வருஷ அனுபவம். கையில் நான்கு ஆஃபர் வைத்திருந்ததால் தண்ணீர்த் தொட்டிக்கும் மேலே மிதந்தான். ஒவ்வொரு ஆஃபரும் ஆளை மேலும் ஒரு பனை உயரம் தூக்கும். சுற்றியிருந்த மொட்டை மாடிகளிலெல்லாம் என்னைப் போன்றவர்கள் மெகாபோனோடு நின்றார்கள்.

"வீட்டுலேருந்தே வேலைங்க!" என்று ஒரு மாடி கத்தியது.

"வெள்ளிக்கிழமை பிரியாணி!" என்றது இன்னொன்று.

"எங்க கேன்டீன்ல தினமும் பிரியாணிங்க!" என்றேன் நான். பதினொரு வருஷத்தில் நாக்கு கூசாமல் பொய் வருகிறது.

பாலக்காட்டுக் காற்று ஒரு தள்ளு தள்ளியதில் அவன் எங்கள் பக்கம் தாழ்ந்தான். எட்டித் தொரட்டியை வீசினேன். கொக்கி அவன் முதுகுப்பையில் மாட்டியது. பிடித்தேன் பாருங்கள் என்று நினைப்பதற்குள் என் செருப்பு தரையில் இருந்தது, நான் இல்லை. நான்கு ஆஃபர் சும்மாவா? தொரட்டியின் அடியைப் பிடித்துத் தொங்கிக்கொண்டு பார்க்கிங்குக்கு மேலே போனேன்.

மேலே காற்று குளுகுளுவென்றிருந்தது. சத்தி ரோடு முழுவதும் தெரிந்தது. எனக்கு வயிற்றுக்குள் கிச்சுகிச்சு மூட்டியதில் சிரிப்பாக வந்தது. வேலை நேரம் என்பதால் அடக்கிக்கொண்டேன்.

"தம்பி, உங்க கார்டு ரெடியா இருக்கு. கழுத்தைக் குனிங்க" என்றேன். குனிய மறுப்பவர் கழுத்தில் கார்டு ஒட்டாது.

"வேண்டாமுங்க மேடம். இன்னும் ரெண்டு கம்பெனி பேசணும்."

"ஆறு மாசமா மேலேயே இருக்கீங்க. வீட்டுல தேட மாட்டாங்களா?"

"அம்மா தினமும் போன் பண்ணி, கால் தரையில பட்டுச்சான்னு கேக்கறாங்க" என்று சொல்லிவிட்டு தன் ஊரான அன்னூர்ப் பக்கம் பார்த்தான். "ஆனா டெஸ்டிங் வேலை சலிச்சுப்போச்சுங்க. ஏழு வருஷமா அடுத்தவன் தப்பையே பாத்துட்டிருக்கேன். உங்க வேலைதான் ஜோரா இருக்கு. தொரட்டி, மொட்டை மாடி, காத்து. அந்த வேலை காலியா இருக்குதுங்களா?"

மணி நாலு பத்து. கீழே மூன்றாம் மாடி ஜன்னல் கண்ணாடியில் கோகிலவாணியின் முகம் அப்பியிருந்தது. அவள் அழுகிறாளா என்று இங்கிருந்து தெரியவில்லை. அவள் போய்விட்டால் மத்தியானம் யாரோடு சாப்பிடுவேன் என்ற நினைப்பு, ஏழு மாதமாக எனக்குள் இருந்ததுதான், அப்போதும் வந்தது. ச்சீ என்றிருந்தது எனக்கு.

"இருக்கு. குனிங்க" என்றேன்.

என் கார்டைக் கழற்றி அவன் கழுத்தில் போட்டேன். அவன் கனமானான், நான் லேசானேன். பையிலிருந்த மற்ற மூன்று ஆஃபரும் தாமாகவே வெளியேறிக் காற்றில் போயின. போகிற வழியில் மிதந்துகொண்டிருந்த இரண்டு பேர் அவற்றைப் பிடித்துக்கொண்டு இன்னும் உயரே போனார்கள். அவன் பார்க்கிங்கில் இறங்கி, தொரட்டியைத் திருப்பி, கொக்கியை என் துப்பட்டாவில் மாட்டினான்.

வாசலில் செக்யூரிட்டி அவன் கார்டைப் பார்த்தார்.

"சௌடேஸ்வரி மேடம், நீங்க போங்க. மேலே இருக்கறவங்க பேரை நோட்டுல எழுதிடுங்க."

'சிபிச்சக்ரவர்த்தி, இன்டர்வியூ' என்று அவன் எழுதினான். என்னிடமிருந்த ஒரே கார்டு அவனுக்காக அச்சடித்ததுதான் என்பதால் நான் ஆட்சேபிக்கவில்லை.

"சீக்கிரம் என் கழுத்துல போடுங்க, மணி நாலரை ஆச்சு!" என்றேன். கார்டைத் தனக்குத்தானே மாட்டிக்கொள்ள முடியாது. மனிதவளக்காரர் கையால்தான் விழ வேண்டும்.

"சிபியோட இன்டர்வியூ முடிஞ்சு ஆறு மாசமாச்சுங்க. மறுபடி எடுக்கணும்" என்றான். ஆறு மாதம் ஆனால் மறு இன்டர்வியூ என்ற விதியைப் போட்டவள் நான்தான். "உங்களைப் பத்திச் சொல்லுங்க."

அட கண்றாவியே! கூரையில் முதுகு ஒட்டியபடி என்னைப் பற்றிச் சொன்னேன். ஐந்து வருஷம் கழித்து எங்கே இருப்பீர்கள் என்று கேட்டான். கீழே என்றேன். குறித்துக்கொண்டான். அடுத்த சுற்றுக்குக் கிருபாகரன் சார் வந்து அண்ணாந்து பார்த்தார்.

"நம்ம சாஃப்ட்வேர்ல என்ன பிழை இருக்குன்னு ஒண்ணு சொல்லுங்க."

கோகிலவாணி எட்டு வருஷமாகச் சோற்றைப் பிசைந்துகொண்டே புலம்பியதையெல்லாம் வரிசையாகச் சொன்னேன். பதினேழாவது பிழையில் சார் கைகாட்டி நிறுத்தினார்.

"ஏழு வருஷ அனுபவம்னா சும்மாவா" என்றார்.

நாலு ஐம்பத்திரண்டுக்குக் கார்டு விழுந்தது. பொத்தென்று இறங்கி ஓடிப்போய்க் கோகிலவாணியின் நாற்காலியில் உட்கார்ந்தேன். கிருபாகரன் சார் ஜன்னலைத் திறந்தார். புது சௌடேஸ்வரி கோகிலவாணியிடம் லெட்டரைக் கொடுத்து, கார்டை வாங்கி, தொரட்டியால் பக்குவமாக வெளியே தள்ளினான். முதல் நாளே கை நன்றாக வந்தது அவனுக்கு.

ஜன்னல் விளிம்பைப் பிடித்துக்கொண்டு கோகிலவாணி என்னைப் பார்த்தாள். கண் கலங்கியிருந்தது.

"சிபி, கீழ் டிராயர்ல நார்த்தங்காய் ஊறுகாய் இருக்கு, எடுத்துக்கங்க. சௌடிக்கு மட்டும் குடுத்துராதீங்க. அவளுக்கு அல்சர். கேட்டாலும் குடுக்காதீங்க."

"சரிங்கக்கா" என்றேன். அவள் விளிம்பிலிருந்து கையை விட்டாள்.

நாலு ஐம்பத்தெட்டுக்கு, இரண்டு கட்டிடம் தள்ளிப் பொத்தென்ற சத்தம் கேட்டது. பிறகு ஒரு சின்னப் பிள்ளை கூவுகிற சத்தம். வீட்டுக்காரர் அதைக் கையில் சீப்போடு கூட்டிவந்திருந்தார். கோகிலவாணி வாசல்படியிலேயே உட்கார்ந்து ஜடை போட ஆரம்பித்தாள். மூன்றாம் மாடியிலிருந்து அது எனக்கு நன்றாகத் தெரிந்தது. வாய்விட்டு அழுதேன். புது ஆள் முதல் நாள் அழுவது சகஜம் என்பதால் யாரும் திரும்பவில்லை.

ஐந்தரைக்கு அவன் வந்து என் மேஜைமேல் கைவைத்தான்.

"என் ஸ்கூட்டர் எதுங்க?"

"நீலக் கலர். பிரேக் கொஞ்சம் லூஸு. நீங்க தங்கற லேடீஸ் ஹாஸ்டல்ல எட்டு மணிக்குக் கேட்டைப் பூட்டிருவாங்க. நாளைக்கு மத்தியானம் என்னோட சாப்பிடறீங்களா?"

"ஊறுகாய் இல்லாம" என்றான்.

அவன் போனதும், மேஜைமேல் அவன் விட்டுப்போயிருந்த போன் அடித்தது.

"கண்ணு, கால் தரையில பட்டுச்சா?" என்று ஒரு அம்மா கேட்டார்.

காலை ஒருமுறை அழுத்திப் பார்த்துக்கொண்டேன். "பட்டுச்சும்மா."

"மாரியாத்தா! ஆறு மாசம் கழிச்சு இன்னைக்குத்தான் எனக்குச் சோறு இறங்கும். வர்றப்ப நைலான் கயிறு வாங்கிட்டு வா சாமி. அப்பா இன்னைக்கு மில்லுல ரிட்டயர் ஆனாருல்ல, ஃபேனைப் புடிச்சுட்டுத் தொங்கறாரு."

"எத்தனை அடிம்மா?"

"முப்பத்தஞ்சு வருஷ சர்வீஸு கண்ணு. நீளமாவே வாங்கு."

கடை மூடுவதற்குள் வாங்கிக்கொண்டு ஆறேகால் அன்னூர் பஸ்ஸில் வந்துவிடுகிறேன், அதுவரைக்கும் ஃபேனைப் போட்டுவிட வேண்டாம் என்றேன்.