கொக்கியை விட்ட கை

...ஆறு புள்ளி இரண்டா, குறைந்தது பதின்மூன்று இருக்க வேண்டிய ரத்தமா, நாற்பது வயதுக்கு மேல் எழுத்துக் கூட்டப் பழகியவன்தானே, தப்பாகப் படிக்கிறோமோ என்று சீட்டில் விரலை வைத்து மறுபடி பார்த்தான், ஆறுதான். மனைவியின் தம்பியான மச்சானுக்குக் காலில் கட்டு மாற்றத் துணைக்கு வந்தவன் இவன், முகம் இப்படி வெளுத்துக் கிடக்கே என்று இவனுக்கும் ரத்தம் எடுக்கச் சொன்னது டாக்டரம்மா, இப்போது கேள்வி மேல் கேள்வி, குடல் புண்ணு மாத்திரையை எப்ப நிறுத்துனீங்க, வலி நின்னதும் நிறுத்திட்டேம்மா, உடம்பு வலிக்கு ஏதாவது போடுறீங்களா, கடையில கேட்டு வாங்கிப் போடுவேன், சாப்பாடு? அதை எப்படிச் சொல்வது, ஐஸ் கம்பெனியில் நினைத்த நேரத்துக்குக் கக்கூசுக்கு ஓட முடியுமா, அதனால் வேலை நாளெல்லாம் வெறும் வயிறு, அதைத் தன் கெட்டிக்காரத்தனம் என்றல்லவா நினைத்திருந்தான்... "ஐஸ் தின்பீங்களா?" தூக்கிவாரிப் போட்டது. யார் சொன்னது இவளுக்கு? உடைந்த சில்லை நறநறவென்று கடிப்பது, விட்டால் இவன் கம்பெனியையே தின்னுடுவான் என்று மேஸ்திரி சிரிப்பது... அது ரத்தம் குறைந்தவனுக்கு வருகிற ஆசையாம். க்ரோன்ஸ் என்கிற இந்தக் குடல்புண் நோய் இருந்தால் குடல் கண்ணுக்குத் தெரியாமல் சொட்டுச் சொட்டாகக் கசியுமாம், தின்கிற கொஞ்சத்திலும் இரும்புச்சத்தை உள்ளே வாங்காதாம், கடை மாத்திரை புண்ணை இன்னும் கிளறுமாம். "இதோட எப்படிய்யா சுமை தூக்குனீங்க? ஒரு நொடி கண்ணு இருட்டி, கையில இருக்கிறது நழுவலையா?"

கையில் இருக்கிறது... சனிக்கிழமை சாய்பலகையில் இரண்டு பேரும் கொக்கி போட்டு ஒரு ஐஸ் பாரை, முழு ஐஸ் கட்டியை, இறக்கினார்கள், இவனும் மச்சானும், கட்டி பலகை மேல் இருந்தது, அப்புறம் மச்சானின் பாதத்தின் மேல் கிடந்தது, நடுவில்? நடுவில் ஒன்றுமே இல்லையே. கண்ணைத் திறந்தபோது மச்சான் கையில் கொக்கி இல்லை, அதைத்தான் பார்த்தான், "இவன் கொக்கிய விட்டுட்டான், கவனமே இல்ல" என்று கத்தினான், பொய் சொல்லவில்லை, சத்தியமாக அப்படித்தான் நம்பினான், மேஸ்திரியும் மச்சானைத்தான் இனிமேல் வராதே என்று அனுப்பினார்... கண்ணைத் திறந்தபோதா? அப்படியானால் எப்போது மூடினான்?

வெளியே பெஞ்சில் மச்சான் கட்டுப் போட்ட காலை நீட்டியிருந்தான். "என்ன மாமா, பேயறைஞ்ச மாதிரி வர்றீங்க? பாஸா ஃபெயிலா?" "ரத்தம் ஆறுதானாம்டா." சிரித்தவன் சிரிப்பை நிறுத்திக்கொண்டான். "அன்னைக்கு நான் மயங்கிட்டேனா?" மச்சான் குனிந்து கால் கட்டைத் தடவினான். "சொல்லுடா." "விடுங்க மாமா. தலை பலகையில இடிக்காமப் போச்சே, அது போதும்." "மேஸ்திரிகிட்ட ஏன் சொல்லல?" "சொன்னா உங்கள நிறுத்தியிருப்பாரு. எனக்கு வேற இடம் கிடைக்கும். உங்களுக்கு?" தலை எப்படி இடிக்காமல் போகும், மயங்கியவன் விழாமல் நிற்பானா... கொக்கி இல்லாத மச்சானின் அந்தக் கை அப்போது எங்கே இருந்தது? இடுப்பில், தன் இடுப்பில், கெட்டியாக... தன்னைத் தாங்கக் கொக்கியை விட்ட கையையா விரல் நீட்டிக் குற்றம் சொன்னான்? மேஸ்திரியிடம் போய்ச் சொன்னால் இருக்கிற ஒரு வேலையும் போகும், சொல்லாவிட்டால்... "போலாமா மாமா" என்று மச்சான் எழுந்து, நொண்டிக்கொண்டே இவன் தோளைப் பிடித்தான், தான் நடக்கவா, இவன் விழாமல் இருக்கவா என்று இவனுக்கு விளங்கவில்லை...