வேம்புலி ஒப்பித்த கால்வலி

அறுவை சிகிச்சைத் தேர்வில் எனக்கு வேம்புலி அண்ணன்தான் நோயாளி என்று தெரிந்ததும், என்னோடு படிக்கும் ராகேஷ் வராந்தாவில் நின்றபடியே கட்டைவிரலை உயர்த்திக் காட்டினான். பொறாமையில் அவன் முகம் கொஞ்சம் கோணியிருந்தது.

எங்கள் கல்லூரியில் வேம்புலி அண்ணனைத் தெரியாத மாணவர் கிடையாது. மாங்காட்டுக்காரர். பூந்தமல்லிக்கும் போரூருக்கும் ஷேர் ஆட்டோ ஓட்டிக்கொண்டிருந்தவர். பீடி குடித்துக் குடித்துக் காலுக்குப் போகும் ரத்தக் குழாய் அடைத்துக்கொண்டது. நடந்தால் கெண்டைக்கால் வலிக்கும், நின்றால் விட்டுவிடும். தேர்வு என்றால் துறையிலிருந்து போன் செய்து கூப்பிடுவார்கள். அவரும் வந்து வார்டில் படுத்துக்கொண்டு, வருகிற மாணவருக்கெல்லாம் தன் நோயின் கதையை வரி பிசகாமல் ஒப்பிப்பார். அவர் கிடைத்தால் பாஸ் என்று எழுதி வைத்துக்கொள்ளலாம்.

என் அத்தா பூந்தமல்லி கடைத்தெருவில் 'டாக்டர் ஃபஸீலா' என்று பெயர்ப் பலகைக்கே சொல்லி வைத்துவிட்டார். நான் பாஸாவதைத் தவிர வேறு வழியில்லை.

"எழுதிக்கம்மா," என்று ஆரம்பித்துவிட்டார் வேம்புலி அண்ணன். "வலது காலு. எரநூறு மீட்டர் நடந்தா கெண்டை புட்சிக்கும், நின்னா உட்டுடும். ராத்திரில வலி கெடியாது. புண்ணு கெடியாது. பாதத்துல நாடி கம்மிதான், ஆனா கீது. போதுமா?"

எழுதிக்கொண்டேன். நிமிர்ந்து பார்த்தபோதுதான் முதல் குழப்பம். மற்ற நோயாளிகள் எல்லோரும் படுத்திருக்க, இவர் மட்டும் கட்டில் ஓரத்தில் உட்கார்ந்து வலது காலைக் கீழே தொங்கப் போட்டிருந்தார்.

"படுங்கண்ணே, பார்க்கணும்."

"வோணாம்மா. இப்டியே பாரு."

பார்த்தேன். பாதம் நன்றாகச் சிவந்திருந்தது. ரத்தம் போகாத கால் வெளுத்திருக்க வேண்டாமா? இது என் முகத்தைவிட ஆரோக்கியமாக இருந்தது. கால் தேறிவிட்டதோ என்று தொட்டால், ஐஸ் மாதிரி சில்லிட்டிருந்தது. சிவப்பு, ஆனால் குளிர்ச்சி. படித்ததெல்லாம் தலைக்குள் தாறுமாறாக ஓடியது.

பாதத்தின் மேல்புறம் விரல்களை வைத்தேன். துடித்தது. படபடவென்று நன்றாகவே துடித்தது. நாடி இருக்கிறது. அவர் சொன்னது சரி. பாஸ்.

ஆனாலும் மனசு ஒப்பவில்லை. இன்னொரு கையால் அவர் மணிக்கட்டைப் பிடித்தேன். அங்கே நாடி நிதானமாக அடித்துக்கொண்டிருந்தது. ஒரே மனிதர், ஒரே இதயம். மணிக்கட்டில் நடை, பாதத்தில் ஓட்டமா? விரலை எடுத்துக் கட்டில் கம்பியில் வைத்தேன். கம்பிக்கும் நாடி இருந்தது.

துடித்தது என் விரல். என் பயம். எனக்கு என் மேலேயே கோபம் வந்தது.

அவர் மறுக்க மறுக்க, படுக்கவைத்துக் காலைத் தூக்கிப் பிடித்தேன். சிவப்பு எங்கோ போய்விட்டது. பாதம் சுண்ணாம்பு மாதிரி வெளுத்தது. அவர் பல்லைக் கடித்துக்கொண்டார். மறுபடி உட்காரவைத்துக் காலைத் தொங்கவிட்டேன். மெல்ல மெல்லச் சிவப்பு திரும்பியது. அப்போதுதான் புரிந்தது. தானாகப் பாதம்வரை போக முடியாத ரத்தம், தொங்கவிட்டால் மட்டும் இறங்கி வந்து பாதத்தில் தேங்குகிறது. அந்தச் சிவப்பு ஆரோக்கியம் இல்லை. சுண்டுவிரல் இடுக்கைப் பிரித்தேன். உள்ளே கறுப்பாக ஒரு புள்ளி. சதை சாக ஆரம்பித்திருந்தது.

"அண்ணே, ராத்திரி தூங்குறீங்களா?"

"ராத்திரில வலி கெடியாது. அத எழுதிட்டல்ல?"

"காலைத் தொங்கப் போட்டுட்டுத்தானே தூங்குறீங்க?"

அவர் தேர்வாளர்கள் நின்ற பக்கம் ஒருமுறை பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார். "ரெண்டு மாசமா குந்திக்கினுதாம்மா தூங்குறேன். படுத்தா உயிர் போவுது. நீ அத எழுதாத. சாருங்க கையில பழைய கதைதான் கீது. போன பரீச்சைல ஒரு பையன்கிட்ட ராத்திரி வலிக்குதுன்னு சொல்லிட்டேன். அவன் அத எழுதி பெயிலாயிட்டான். வெளிய நின்னு அழுதான். அப்பால நான் வாயே தொறக்கல."

எனக்கு அழுவதா கத்துவதா என்று தெரியவில்லை. மருத்துவமனைக்குள்ளேயே படுத்துக்கொண்டு, சுற்றி இத்தனை டாக்டர்கள் இருக்க, எங்கள் மார்க்குக்காக இந்த மனிதர் வலியை ஒளித்து வைத்திருக்கிறார். அவர் ஒப்பித்ததை நான் அப்படியே சொன்னால் பாஸ். நான் கண்டதைச் சொன்னால், யார் கண்டது?

தேர்வாளர் தட்சிணாமூர்த்தி சார் வந்தார். வெளியூர்க்காரர், கையில் துறை எழுதிக் கொடுத்த விடைக்குறிப்புத் தாள்.

"சொல்லும்மா."

"ஓய்விலும் வலி இருக்கு சார். பாதத்துல நாடி இல்ல. விரல் இடுக்குல சதை கறுத்திருக்கு. கால் ஆபத்துல இருக்கு."

வேம்புலி அண்ணன் தலையில் கை வைத்துக்கொண்டார்.

சார் தாளைப் பார்த்தார். "நாடி இருக்குன்னு போட்டிருக்கே?"

"முதல்ல எனக்கும் இருந்துச்சு சார். அப்புறம் கட்டில் கம்பியிலயும் இருந்துச்சு."

பின்னால் யாரோ சிரித்தார்கள். சார் சிரிக்கவில்லை. தாளைக் கட்டிலில் போட்டுவிட்டுக் குனிந்து பாதத்தில் விரல் வைத்தார். வெகுநேரம் எடுக்கவே இல்லை. பிறகு ரத்த ஓட்டத்தைச் சத்தமாகக் கேட்கவைக்கும் டாப்ளர் கருவியைக் கொண்டுவரச் சொன்னார். அதை இடது பாதத்தில் வைத்தபோது உஸ் உஸ்ஸென்று சத்தம் வந்தது. வலது பாதத்தில் எங்கெங்கோ நகர்த்தினார். கருவி வாயைத் திறக்கவில்லை.

அவர் போனை எடுத்து ரத்தக்குழாய் நிபுணரை உடனே வரச் சொன்னார். என்னிடம் மேற்கொண்டு எதுவுமே கேட்கவில்லை. நன்றி, போகலாம் என்றுகூடச் சொல்லவில்லை. நான் பாஸா, பெயிலா? அத்தாவிடம் என்ன சொல்வது? தெரியவில்லை.

சக்கர நாற்காலி வந்தது. அதில் ஏறி உட்கார்ந்த வேம்புலி அண்ணன் என் கோட்டைப் பிடித்து இழுத்தார்.

"மார்க் போட்டாராம்மா?"

"போட்டுட்டார்ண்ணே," என்றேன்.

"நெசமா?"

"நெசமா."

அவர் பெருமூச்சு விட்டார். பிடியைத் தளர்த்தி, தலையை நாற்காலியில் சாய்த்துக்கொண்டார். அவர் கண்கள் நிறைந்து வழிந்தன.

"வலிக்குதும்மா," என்றார். "ரொம்ப வலிக்குது."